அரசுக்கு எதற்கு ஒரு நிலவியல் ஆய்வுத் துறை?

கனிமம் தேடுவது சுரங்க நிறுவனங்களின் வேலை, மேலிருந்து படம் பிடிக்கச் செயற்கைக்கோள் இருக்கிறது, அப்படியிருக்க ஒவ்வொரு நாடும் வரிப்பணத்தில் ஒரு நிலவியல் ஆய்வுத் துறையை ஏன் வைத்துக்கொண்டிருக்கிறது, அது காலனி ஆட்சியின் மிச்சம்தானே என்று கேட்டிருக்கிறீர்கள். இந்தக் கேள்விக்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது. நிலத்துக்கு அடியில் என்ன இருக்கிறது என்ற தகவலை, இன்றைக்கு அதைக் காசு கொடுத்து வாங்க ஆளில்லாதபோதும், யார் சேகரித்து வைப்பது? நீங்கள் கேட்க வந்தது இதைத்தான் என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறேன். நிலவியல் வரைபடம் தயாரிப்பதிலும், துளையிட்டு எடுத்த பாறைத்தண்டுகளை, அதாவது கோர்களை, பார்த்துப் பதிவு செய்வதிலும்தான் என் பணிக்காலம் போனது. ஆகவே இந்தத் துறைமேல் எனக்குப் பற்று உண்டு. அதையும் மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

காலனி ஆட்சி பற்றி நீங்கள் சொன்னதில் பாதி உண்மை. இந்திய நிலவியல் ஆய்வுத் துறை 1851இல் தாமஸ் ஓல்டாம் தலைமையில் தொடங்கியதற்கு முதல் காரணம் நிலக்கரி. ரயிலுக்கும் நீராவிக் கப்பலுக்கும் கரி வேண்டியிருந்தது. ஆனால் பிரிட்டன் தன் சொந்த மண்ணுக்கே இப்படியொரு துறையை 1835இல் ஹென்றி டி லா பெச் தலைமையில் அமைத்துக்கொண்டது. அமெரிக்காவில் 1879இல் வந்தது. கனடாவின் துறை 1842இல் வில்லியம் லோகன் தலைமையில் தொடங்கியது. லோகனிடமும் எல்லோரும் எதிர்பார்த்தது நிலக்கரியைத்தான். அவர் பல ஆண்டுகள் நடந்து பாறைகளை வரிசைப்படுத்திப் பார்த்துவிட்டு, அன்றைய கனடா மாகாணத்தில் வெட்டி எடுக்கத் தகுந்த நிலக்கரி இல்லை என்று சொன்னார். அங்கிருந்த பாறை அடுக்குகள் பெரும்பாலும் நிலக்கரி உருவான காலத்துக்கும் முந்தியவை. கேட்டவர்களுக்கு அது பிடித்த பதிலாக இருந்திருக்காது. ஆனால் அந்தப் பதிலால் எத்தனை பேர் தங்கள் முதலை மண்ணில் புதைக்காமல் தப்பித்தார்கள் என்று யோசித்துப் பாருங்கள். பங்கு விற்றுப் பணம் திரட்டும் நிறுவனம் ‘இங்கே ஒன்றும் இல்லை’ என்று ஊரறியச் சொல்வது அபூர்வம். அதைச் சொல்ல, எந்த முடிவு வந்தாலும் சம்பளம் மாறாத ஒருவர் வேண்டும்.

இதற்கு 1872இல் அமெரிக்காவில் நடந்த வைர மோசடியைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. மேற்கே ஆளில்லாத ஒரு பீடபூமியில் வைரமும் மாணிக்கமும் தரையிலேயே கிடக்கின்றன என்று இரண்டு பேர் கிளப்பிவிட, சான் பிரான்சிஸ்கோவின் பெரும் பணக்காரர்கள் நிறுவனம் தொடங்கினார்கள். நியூயார்க்கின் பெயர்பெற்ற நகை வியாபாரி கற்களைப் பார்த்து மதிப்புப் போட்டுக் கொடுத்தார். அனுபவமுள்ள சுரங்கப் பொறியாளர் ஒருவர் நேரில் போய்வந்து நல்ல அறிக்கையும் தந்தார். அதே வட்டாரத்தில் அரசுக்காக நில ஆய்வு செய்துகொண்டிருந்த கிளாரன்ஸ் கிங்குக்கு மட்டும் இது உறுத்தியது. தன் குழுவோடு அந்த இடத்தைக் கண்டுபிடித்துப் போனார். முதல் நாள் அவர்களுக்கும் கற்கள் கிடைத்தன. பிறகுதான் தரையை உற்றுப் பார்த்தார்கள். இயற்கையில் ஒன்றாகக் கிடைக்காத கற்கள் அங்கே ஒரே இடத்தில் கலந்து கிடந்தன. மாணிக்கம் இருந்த எறும்புப் புற்றுகளில், எறும்பு போய்வரும் வாசலைத் தவிர பக்கவாட்டில் குச்சியால் குத்தியது போன்ற இன்னொரு துளையும் இருந்தது. அந்தத் துளை இல்லாத புற்றுகளில் ஒரு கல்லும் இல்லை. கிங் சான் பிரான்சிஸ்கோ போய் இயக்குநர்களிடம் சொன்னார், நிறுவனம் கலைந்தது. 1879இல் அமெரிக்க நிலவியல் ஆய்வுத் துறை உருவானபோது அதன் முதல் இயக்குநர் அவர்தான். முன்னால் போய்ப் பார்த்த பொறியாளருக்கும் படிப்பு இருந்தது, அனுபவம் இருந்தது. அவரை அனுப்பியவர்கள் அந்தத் திட்டத்தில் பணம் போட்டவர்கள். கிங்கை யாரும் அப்படி அனுப்பவில்லை.

இனி, அன்றாடம் இந்தத் துறை செய்யும் வேலைக்கு வருகிறேன். அடிப்படை வேலை நிலவியல் வரைபடம். டோப்போஷீட் எனும் நில அமைப்பு வரைபடத் தாளையும் சுத்தியலையும் திசைகாட்டியையும் எடுத்துக்கொண்டு ஓடை ஓடையாக, குன்று குன்றாக நடப்போம். பாறை வெளியே தெரியும் இடத்தில் நின்று அது என்ன பாறை, எந்தத் திசையில் எத்தனை டிகிரி சாய்ந்திருக்கிறது, பிளவுகள் எப்படி ஓடுகின்றன என்று குறிப்போம். ஓர் உடைந்த முகத்தைக் கைலென்ஸில் பார்ப்போம். பெரும்பாலான இடங்களில் பாறையே தெரியாது, மண் மூடியிருக்கும். அங்கே மண்ணின் நிறத்தையும், கிணறு வெட்டிப் போட்ட கல்லையும், சாலைக்காக வெட்டிய சரிவையும் பார்த்துத்தான் ஊகிக்க வேண்டும். அதனால்தான் நல்ல வரைபடத்தில் சில எல்லைக் கோடுகள் முழுக் கோடாகவும் சில விட்டுவிட்டும் இருக்கும். முழுக் கோடு பார்த்தது, விட்ட கோடு ஊகித்தது. செயற்கைக்கோள் படம் எங்களுக்குப் பேருதவி, அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். வறண்ட நிலத்தில் அது பல வார நடையை மிச்சப்படுத்தும். ஆனால் அது பார்ப்பது மேற்பரப்பை. காடும் வயலும் மூடிய நிலத்தில் இருபது மீட்டர் ஆழத்தில் களிமண்ணா, மணலா, பாறையா என்பதைத் துளையிட்டால்தான் உறுதியாகச் சொல்ல முடியும்.

இப்படித் துளையிட்டு வந்ததையெல்லாம் வைத்திருப்பது இரண்டாவது வேலை. வெளியில் அதிகம் தெரியாததும் இதுதான். கோர் என்பது துளைக்கருவி வெட்டி எடுத்து வரும் உருளை வடிவப் பாறைத்தண்டு. நீளப் பெட்டிகளில் வரிசையாக அடுக்கி, ஒவ்வொரு வரிசைக்கும் எந்த ஆழத்திலிருந்து எந்த ஆழம்வரை என்று எழுதி வைத்திருப்பார்கள். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் செம்பு தேடி எடுத்த கோரை, இன்று வேறொரு உலோகம் தேடுகிறவர் வந்து திறந்து பார்க்கிறார். அன்று அந்த உலோகத்துக்குச் சந்தையே இருந்திருக்காது. ஒரு நிறுவனமாக இருந்தால், தேடியது கிடைக்கவில்லை என்றதும் அந்தப் பெட்டிகளுக்குக் கிடங்கு வாடகை கொடுக்க அதற்குக் காரணம் இல்லை. நிறுவனம் மூடப்பட்டால் கோரும் போய்விடும், அறிக்கையும் போய்விடும், அடுத்து வருகிறவர் அதே இடத்தில் மறுபடி துளையிடுவார். நெதர்லாந்து இதைச் சட்டமாகவே ஆக்கிவிட்டது. 2018 ஜனவரி 1 முதல் அங்கே அரசு அமைப்புகள் நிலத்தடி பற்றித் திரட்டும் தகவலை ஒரு தேசியப் பதிவேட்டில் சேர்க்க வேண்டும், புதிய முடிவு எடுக்கும் முன் அந்தப் பதிவேட்டைப் பார்க்கவும் வேண்டும். பெருமளவு நிலம் கடல் மட்டத்துக்குக் கீழே இருக்கும் நாடு என்பதால் அவர்களுக்கு இதன் அருமை சீக்கிரம் புரிந்திருக்கிறது.

பின்லாந்தில் நடந்த ஒன்றையும் சொல்ல வேண்டும். 1908இல் கிவிசால்மி என்ற இடத்தில் நீர்வழியைத் தோண்டும்போது செம்புத் தாது நிறைந்த ஒரு பெரிய கல் கிடைத்தது. அந்தக் கல் அந்த இடத்துப் பாறையிலிருந்து வந்ததில்லை. பனியுகத்தில் பனிப்பாளம் எங்கிருந்தோ பெயர்த்து இழுத்து வந்து போட்ட கல் அது. நாட்டின் நிலவியல் ஆணையத்தில் இருந்த ஓட்டோ ட்ரூஸ்டெட், பனிப்பாளம் நகர்ந்த திசையை வைத்துப் பின்னோக்கித் தேடிப் போனார். 1910இல் ஓட்டோகும்பு என்ற இடத்தில் துளையிட்டபோது தாது கிடைத்தது. கல்லைக் கண்டது தற்செயல்தான். ஆனால் பனி எந்தத் திசையில் நகர்ந்தது என்ற அறிவு, செம்பு தேடுவதற்கென்று யாரும் சேர்த்து வைத்ததில்லை.

ஆபத்து விஷயத்தில் இந்தத் துறையின் வலிமையும் அதன் எல்லையும் ஒருசேரத் தெரியும். கொலம்பியாவில் நெவாடோ டெல் ரூயிஸ் எரிமலை விழித்துக்கொண்டபோது, அந்நாட்டு நிலவியல் நிறுவனம் 1985 அக்டோபரில் ஆபத்து வரைபடம் ஒன்றைத் தயாரித்தது. சேற்று வெள்ளம் எந்தப் பள்ளத்தாக்கு வழியாக வரும் என்று அதில் இருந்தது. ஆர்மெரோ நகரம் அந்த வழியில்தான் இருந்தது. நவம்பர் 13 இரவு எரிமலை வெடித்தது. உச்சியிலிருந்த பனி உருகிச் சேறாக இறங்கி, சுமார் இரண்டரை மணி நேரத்தில் ஆர்மெரோவை அடைந்தது. மொத்தம் 20,000 பேருக்கு மேல் இறந்தார்கள். இரண்டரை மணி நேரம் மேட்டுக்கு நடந்து ஏறப் போதும். வரைபடம் சரியாகத்தான் இருந்தது. அது மக்கள் கைக்கும், முடிவு எடுக்க வேண்டியவர்கள் மனதுக்கும் போய்ச் சேரவில்லை.

ஆறு ஆண்டுகள் கழித்து பிலிப்பைன்ஸில் பினாடுபோ. அது வெடித்து ஏறத்தாழ 500 ஆண்டுகள் ஆகியிருந்தன, சுற்றியிருந்த பலருக்கு அது எரிமலை என்றே தெரியாது. 1991 ஏப்ரலில் நீராவி கிளம்பியதும் பிலிப்பைன்ஸ் எரிமலை நிறுவனத்தாரும் அமெரிக்க நிலவியல் ஆய்வுத் துறையினரும் சேர்ந்து பழைய வெடிப்புகள் விட்டுச்சென்ற படிவுகளைப் பார்த்து, எரிசாம்பல் எவ்வளவு தூரம் பாய்ந்திருக்கிறது என்று கணித்து, சில வாரங்களுக்குள் ஆபத்து வரைபடம் போட்டார்கள். இம்முறை எச்சரிக்கையைப் படிப்படியாக உயர்த்தி, அதிகாரிகளிடம் நேரில் உட்கார்ந்து பேசி, பல்லாயிரம் பேரை வெளியேற்றினார்கள். ஜூன் 15 அன்று பெருவெடிப்பு. அந்த வெளியேற்றத்தால் குறைந்தது 5,000 உயிர்கள் தப்பின என்பது அமெரிக்கத் துறையின் மதிப்பீடு. மதிப்பீடு என்ற சொல்லைக் கவனியுங்கள். நடக்காமல் போன மரணத்தை எண்ணிக் காட்ட யாராலும் முடியாது. ஆனால் வெளியேற்றிய பகுதிகளை எரிசாம்பல் மூடியது என்பதில் சந்தேகமே இல்லை.

இதுவரை சொன்னதெல்லாம் துறைக்குப் பெருமை சேர்ப்பவை. வங்காளதேசத்துக் கிணறுகள் அப்படி இல்லை. குளத்து நீரைக் குடித்துக் குழந்தைகள் வயிற்றுப்போக்கால் இறந்ததால், 1970களிலிருந்து அங்கே லட்சக்கணக்கில் கைபம்புக் குழாய்க் கிணறுகள் போடப்பட்டன. நோக்கம் நல்லது. பிரிட்டிஷ் நிலவியல் ஆய்வுத் துறை அங்கே நிலத்தடி நீரைச் சோதித்து 1992இல் ஓர் அறிக்கை கொடுத்தது. பல தனிமங்களுக்குச் சோதித்தார்கள், ஆர்செனிக்குக்குச் சோதிக்கவில்லை. அடுத்த ஆண்டே ஆர்செனிக் இருப்பது தெரியவந்தது. பிறகு அதே துறை, வங்காளதேசத்தின் பொதுச் சுகாதாரப் பொறியியல் துறையோடு சேர்ந்து நாடு முழுக்க 3,534 கிணறுகளில் நீர் எடுத்துச் சோதித்தது. ஆழம் குறைந்த கிணறுகளில் 27 சதவீதத்தில் ஆர்செனிக் லிட்டருக்கு 50 மைக்ரோகிராம் என்ற அந்நாட்டு வரம்பைத் தாண்டியிருந்தது. உலகச் சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டு அளவு 10 மைக்ரோகிராம். எந்த ஆலைக் கழிவும் இதற்குக் காரணம் இல்லை. ஆறுகள் கொண்டுவந்த வண்டலில் இரும்புத் துகள்களோடு ஒட்டியிருந்த ஆர்செனிக், பிராணவாயு இல்லாத நிலத்தடிச் சூழலில் நீரில் கரைந்து வந்தது. அதே ஆய்வுதான் ஆழமான படிவத்து நீர் பெரும்பாலும் பாதுகாப்பானது என்பதையும் காட்டியது. எந்த ஆழத்துக்குக் கிணறு போடுவது என்ற முடிவுக்கு அது பெரிய ஆதாரம்.

1992 அறிக்கைக்காக அந்தத் துறையைப் பொறுப்பாக்க முடியுமா என்ற வழக்கு லண்டன் வரை போனது. பாதிக்கப்பட்டவர்களுக்குச் சட்டப்படி அந்தத் துறை கடமைப்பட்டிருக்கவில்லை என்று, அப்போது பிரிட்டனின் உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை 2006இல் முடிவு சொன்னது. சட்டம் அப்படி. ஒரு நிலவியலாளராக எனக்கு அந்தத் தீர்ப்பு நிம்மதி தரவில்லை. வரைபடத்தில் வெற்றிடம் இருந்தால் அங்கே ஆள் போகவில்லை என்று எல்லோருக்கும் புரியும். நீர்ப் பரிசோதனை அட்டவணையில் ஒரு தனிமத்தின் பெயரே இல்லையென்றால், படிக்கிறவர் நீர் நல்லது என்றுதான் எடுத்துக்கொள்வார். எதற்குச் சோதித்தோம் என்பதோடு எதற்குச் சோதிக்கவில்லை என்பதையும் அறிக்கையின் முதல் பக்கத்திலேயே எழுதுவதுதான் இதற்கு மருந்து. இன்றும் எல்லா அறிக்கையிலும் அது இருப்பதில்லை.

துறை சொல்வதற்கும் வெளியே பரவுவதற்கும் இடையே வரும் இடைவெளிக்குச் சமீபத்திய உதாரணம் ஜம்மு காஷ்மீரின் ரியாசி மாவட்டத்து லித்தியம். 2023 பிப்ரவரியில் 59 லட்சம் டன் என்ற செய்தி வந்ததும், நாடே பணக்கார நாடாகிவிட்டதுபோலத் தலைப்புகள் வந்தன. அறிவிப்பில் இருந்தது ‘ஊகிக்கப்பட்ட வளம், ஜி-3 நிலை’ என்பது. ஜி-3 என்றால் முதற்கட்ட ஆய்வு. அதற்குப் பிறகு ஜி-2, ஜி-1 என்று நெருக்கமாகத் துளையிட்டு உறுதி செய்ய வேண்டும், தாதுவிலிருந்து லித்தியத்தைக் கட்டுப்படியான செலவில் பிரிக்க முடியுமா என்று தனியாகப் பார்க்க வேண்டும். அந்தக் கனிமத் தொகுதியை ஏலம் விட்டபோது போதிய ஆட்கள் வராமல் 2024இல் ஏலம் ரத்தானது. ஆய்வுத் துறை சொன்னது தவறு என்று இதற்கு அர்த்தம் கிடையாது. அது சொன்ன நிலைக்கு மேல் நாம் கேட்டுக்கொண்டோம்.

செலவுக்குத் தகுந்த பலன் உண்டா என்று நீங்கள் கேட்பது நியாயம். இங்கே தெளிவாகத் தெரிந்ததையும் வாதத்துக்குரியதையும் பிரித்தே சொல்கிறேன். அமெரிக்காவின் கென்டக்கி மாநிலம் முழுவதையும் 1960 முதல் 1978 வரை 1:24,000 அளவில், அதாவது படத்தில் ஒரு சென்டிமீட்டர் தரையில் 240 மீட்டர் என்ற கணக்கில், வரைபடமாக்கினார்கள். 1999ஆம் ஆண்டு விலைவாசிப்படி செலவு சுமார் 9 கோடி டாலர். பிறகு அந்த வரைபடங்களைப் பயன்படுத்தியவர்களிடம் கேட்டு 2000இல் வெளியான ஆய்வு, செலவைப்போல் குறைந்தது 25 மடங்கு, அதிகபட்சம் 39 மடங்கு பலன் என்று கணக்கிட்டது. செலவுத் தொகை உறுதியானது. பலன் அப்படி இல்லை. ‘இந்த வரைபடம் இல்லாவிட்டால் நீங்கள் எவ்வளவு செலவழித்திருப்பீர்கள்’ என்று கேட்டு வாங்கிய பதில்களின் தொகுப்பு அது. கேட்கப்பட்டவர்கள் வரைபடத்தைத் தேடி வந்தவர்கள், ஆகவே கூட்டிச் சொல்ல வாய்ப்புண்டு. 25ஐ 5 என்று குறைத்துக்கொண்டாலும் லாபம்தான் என்பது என் கருத்து. எனக்கு அதைவிட முக்கியமாகப் பட்டது வேறு. அந்த வரைபடங்களைப் போடும்போது மனதில் இருந்தது பெரும்பாலும் கனிமமும் எரிபொருளும். கடைசியில் நிலத்தடி நீர், மாசு, கட்டுமானம் என்று அன்று யாரும் நினைக்காத வேலைகளுக்கு அவை பயன்பட்டன.

இந்தத் துறையால் முடியாதவையும் உண்டு. நிலநடுக்கம் எந்த நாளில் வரும் என்று உலகில் எந்த நிலவியல் துறையும் சொல்ல முடியாது. எந்தப் பகுதியில் எவ்வளவு அதிர்வுக்குத் தயாராக வேண்டும் என்றுதான் சொல்லும், நாள் குறிப்பிட்டுச் சொல்கிறவரை நம்பாதீர்கள். எல்லா நாட்டிலும் எல்லா வேலையும் ஒரே துறையிடம் இருப்பதும் இல்லை. இந்தியாவில் நிலத்தடி நீர் மத்திய நிலத்தடி நீர் வாரியத்திடமும், நிலநடுக்கப் பதிவு தேசிய நிலநடுக்கவியல் மையத்திடமும் இருக்கின்றன. அமெரிக்கத் துறை இரண்டையும் பார்க்கிறது, ஆனால் யாருக்கும் உத்தரவு போடும் அதிகாரம் அதற்கு இல்லை. என்னைக் கேட்டால் அப்படி இருப்பதே நல்லது. அனுமதி கொடுக்கும் அலுவலகமும் அளந்து சொல்லும் அலுவலகமும் ஒன்றாகிவிட்டால், அளவின்மேல் நெருக்கடி வரும். பல நாடுகளில் இந்தத் துறை சுரங்க அமைச்சகத்துக்குக் கீழே இருப்பது அதனால்தான் எனக்குக் கவலை. அதை மாற்றினால் போதுமா என்பதில் எங்களுக்குள்ளேயே ஒருமித்த கருத்து இல்லை. கனிமத்தை விட்டு விலகினால் நிதியும் விலகிவிடும் என்று அஞ்சுகிறவர்கள் இருக்கிறார்கள், அந்த அச்சத்தையும் என்னால் ஒதுக்கித் தள்ள முடியவில்லை.

செயற்கை நுண்ணறிவு இந்த வேலையை எடுத்துக்கொள்ளாதா என்றும் ஒரு வரி கேட்டிருந்தீர்கள். பழைய அறிக்கைகளைப் படித்து, எங்கே தேடலாம் என்று வரிசைப்படுத்த அது உதவுகிறது, இன்னும் உதவும். அது கற்றுக்கொள்வது யாரோ நடந்து எழுதிய குறிப்பிலிருந்தும் யாரோ துளையிட்ட கோரிலிருந்தும்தான். குறிப்பே இல்லாத பகுதியில் அதற்கும் பிடிமானம் இல்லை.

உங்கள் பகுதியின் வரைபடத்தை நீங்களே பார்க்கலாம். பல நாடுகளில் இவை இலவசமாக இணையத்தில் உள்ளன, இந்தியாவுக்கு இந்திய நிலவியல் ஆய்வுத் துறையின் பூகோஷ் இணையதளம் இருக்கிறது. பார்க்கும்போது மூன்றைக் கவனியுங்கள்: எந்த ஆண்டு களப்பணி நடந்தது, எந்த அளவில் வரைந்தது, உங்கள் இடத்தருகே ஓடும் கோடு முழுக் கோடா, விட்ட கோடா. 1:50,000 வரைபடத்தில் ஒரு மில்லிமீட்டர் என்பது தரையில் 50 மீட்டர். ஒரு வட்டாரத்தில் நிலச்சரிவு வாய்ப்பு எங்கே அதிகம் என்று பார்க்க அது போதும். ஒரு தனி மனையில் அஸ்திவாரம் போடலாமா என்று அதை வைத்து முடிவு செய்யாதீர்கள். அதற்கு அந்த மனையிலேயே மண் பரிசோதனை செய்ய வேண்டும், செய்து முடித்ததும் அந்த அறிக்கையின் ஒரு பிரதியை வாங்கிக்கொள்ளும் ஏற்பாடு ஆய்வுத் துறையில் இருக்கிறதா என்று கேட்டுப் பாருங்கள்.